மின்கலத்தோடு மடியவிருந்த விளையாட்டுகள்

நூறாண்டுகளுக்கு முன் அச்சான ஒரு புத்தகம் உங்கள் கையில் கிடைக்கிறது என்று வைத்துக்கொள்வோம். தாள் பழுப்பேறியிருக்கும், ஓரங்கள் உதிரும். ஆனாலும் உடனே படித்துவிடலாம். கண்ணும் வெளிச்சமும் இருந்தால் போதும். பழைய கிராமபோன் இசைத்தட்டு கிடைத்தால் கண் மட்டும் போதாது. அதைச் சுழற்றிக் கேட்க ஒரு கருவி வேண்டும். அக்கருவி கெட்டுப்போயிருந்தால், ஊசியும் சுழல்தட்டும் கொண்ட வேறொன்றைச் செய்துகொள்ளலாம். கணிப்பொறிக்கென்று எழுதப்பட்ட ஒரு படைப்பின் கதி என்ன? அது ஓடக்கூடிய ஒரே வகைப் பொறி உலகிலிருந்து மறைந்துபோனால், படைப்பும் அதனுடன் மறைந்துவிடுமா?

இக்கேள்விக்கு நல்லதொரு விடை, யாரும் எதிர்பாராத ஓரிடத்திலிருந்து வந்தது. கேளிக்கைக் கூடங்களில் காசு போட்டு ஆடப்பட்ட சண்டை விளையாட்டுகளே அவ்விடம். விளையாட்டுத்தானே என்று தள்ளிவிட வேண்டாம். ஒரு பொறியை இன்னொரு பொறி எந்த அளவுக்குத் துல்லியமாக நடித்துக்காட்ட முடியும் என்பதற்கு இதைவிடக் கடுமையான தேர்வு கிடைப்பது அரிது.

பெட்டிக்குள் இருந்தது என்ன?

ஜப்பானிலுள்ள கேப்காம் என்னும் நிறுவனம் 1991-ஆம் ஆண்டில் 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2' என்ற விளையாட்டை வெளியிட்டது. இருவர் அருகருகே நின்று ஆடலாம். ஒவ்வொருவருக்கும் ஒரு கைப்பிடி, ஆறு பொத்தான்கள். மூன்று குத்துக்கு, மூன்று உதைக்கு. எட்டு வீரர்களில் ஒருவரைத் தேர்ந்துகொள்ள வேண்டும். கைகால்களை நீட்டிச் சண்டையிடும் தால்சிம் என்ற இந்திய யோகியும் அவர்களுள் ஒருவர். அமெரிக்காவிலும் ஜப்பானிலும் இளைஞர்கள் இப்பெட்டியின் முன் வரிசை கட்டி நின்றனர்.

ஆளுயரப் பெட்டியின் உள்ளே ஒரு தொலைக்காட்சிக் குழலும், அச்சிட்ட மின்சுற்றுப் பலகைகளும் இருந்தன. கேப்காம் இந்தப் பலகை அமைப்புக்கு சி.பி.எஸ். என்று பெயரிட்டு 1988 முதல் பயன்படுத்தி வந்தது. இதன் மூளை மோட்டோரோலா 68000 என்னும் நுண்செயலி. 1984-இல் வந்த மாக்கின்டாஷ் கணிப்பொறியிலும் இதே நுண்செயலிதான் இருந்தது. ஒலியைக் கவனிக்க இசட்-80 என்ற இரண்டாவது நுண்செயலி, யமஹாவின் இசைச் சில்லு ஒன்று, குரல்களை ஒலிக்க இன்னொரு சில்லு. இவற்றோடு, படங்களை வரைவதற்கென்றே கேப்காம் தனக்காக வடிவமைத்துக்கொண்ட சில்லுகளும் இருந்தன. அவை வேறு எங்கும் கடையில் கிடைப்பவை அல்ல.

விளையாட்டு முழுவதும் படிக்க மட்டுமே முடிந்த நினைவகச் சில்லுகளில் பதிந்திருந்தது. நிரல், படம், ஒலி எல்லாம் சேர்ந்து ஏறத்தாழ 7 மெகாபைட். இன்று கைப்பேசியில் எடுக்கும் இரண்டு மூன்று புகைப்படங்களின் அளவுதான்!

இதயத் துடிப்பு

இப்பொறியின் இயக்கத்தைச் சற்று இயற்பியல் கண்ணோடு பார்ப்போம்.

தொலைக்காட்சிக் குழலில் ஓர் எலெக்ட்ரான் கற்றை இடமிருந்து வலமாகக் கோடுகளை வரைகிறது. ஒரு கோட்டை முடித்தபின் அது இடப்பக்கம் திரும்ப வேண்டும். ஒரு படத்தை முடித்தபின் கீழிருந்து மேலே திரும்ப வேண்டும். திரும்பும் நேரத்தில் எதுவும் வரையப்படாது. கண்ணுக்குத் தெரியும் படம் அகலத்தில் 384 புள்ளிகள், உயரத்தில் 224 கோடுகள். ஆனால் திரும்பும் நேரத்தையும் சேர்த்தால் ஒரு கோட்டுக்கு 512 புள்ளி நேரம், ஒரு படத்துக்கு 262 கோட்டு நேரம் ஆகிறது. விநாடிக்கு 80 லட்சம் புள்ளிகள் என்பது இப்பலகையின் வேகம். இனிக் கணக்கிட்டுப் பாருங்கள். 512-ஐ 262-ஆல் பெருக்கினால் 1,34,144. இதனால் 80 லட்சத்தை வகுத்தால் 59.64 வருகிறது. அதாவது விநாடிக்கு 59.64 படங்கள், ஒரு படத்துக்கு 16.8 மில்லிவிநாடி.

விளையாட்டின் இதயத் துடிப்பு இதுவே. ஒவ்வொரு படத்துக்கும் ஒருமுறை பொறி பொத்தான்களைப் பார்க்கிறது, வீரர்களை நகர்த்துகிறது, அடி பட்டதா எனச் சோதிக்கிறது. 68000 நுண்செயலி விநாடிக்கு ஒரு கோடித் துடிப்புகளில் இயங்கியது. எனவே ஒரு படத்துக்குள் அதற்குக் கிடைத்தவை சுமார் 1,67,000 துடிப்புகள். மிக எளிய ஆணைக்கே 4 துடிப்புகள் செலவாகும். நிரல் எழுதியவர்கள் இந்தச் சிறு வருவாய்க்குள் குடும்பம் நடத்த வேண்டியிருந்தது.

இங்கே ஒரு சுவையான நிகழ்ச்சியைச் சொல்ல வேண்டும். விளையாட்டைச் சோதித்துக்கொண்டிருந்தபோது, ஒரு காரை அடித்து நொறுக்கும் இடைச்சுற்றில் ஒரு விந்தையைத் தயாரிப்பாளர் நோரிடாகா ஃபுனமிசு கண்டார். குறிப்பிட்ட கணத்தில் பொத்தானை அழுத்தினால் ஓர் அடியோடு அடுத்த அடி இடைவெளியின்றிச் சேர்ந்துகொண்டது. இது திட்டமிட்டுச் செய்ததன்று. நிரலிலிருந்த ஒரு பிழை. இவ்வளவு நுட்பமான கணத்தை யாரால் பிடிக்க முடியும் என்று கருதி அதை அப்படியே விட்டுவிட்டனர். ஆட்டக்காரர்களோ பிடித்துவிட்டனர்! 'காம்போ' எனப்படும் இந்த அடித்தொடரே பின்னாளில் எல்லாச் சண்டை விளையாட்டுகளுக்கும் அடித்தளமாயிற்று.

இந்நிகழ்ச்சியிலிருந்து நமக்குக் கிடைக்கும் பாடம் ஒன்று உண்டு. இவ்விளையாட்டைக் காப்பாற்ற விரும்புபவர் அதன் படங்களையும் இசையையும் மட்டும் காப்பாற்றினால் போதாது. அதன் கால ஒழுங்கையும், அதன் பிழைகளையுங்கூடக் காப்பாற்ற வேண்டும். ஒரு படத்தின் நேரம் பிசகினாலும் ஆட்டக்காரரின் விரல்கள் அதை உணர்ந்துவிடும்.

ஒரு பொறி மற்றொன்றாதல்

ஒரு பொறி இன்னொன்றாக நடிக்கலாம் என்ற எண்ணம் விளையாட்டுகளைவிட மூத்தது. ஆங்கிலக் கணித அறிஞர் ஆலன் டூரிங் 1936-இல் எழுதிய ஆய்வுக் கட்டுரையில், எந்தக் கணிப்பொறியின் வருணனையை ஊட்டினாலும் அதைப் போலவே இயங்கக்கூடிய ஒரு பொதுப்பொறியைக் கற்பனை செய்தார். அப்போது மின்னணுக் கணிப்பொறி ஒன்றுகூடப் பிறக்கவில்லை.

அந்தக் கற்பனை வணிகத் தேவையாக மாறியது 1960-களில். ஐ.பி.எம். நிறுவனம் 1964-இல் 'சிஸ்டம் 360' என்ற புதிய கணிப்பொறி வரிசையை அறிவித்தது. ஆனால் வாடிக்கையாளர்களிடம் 1401 போன்ற பழைய பொறிகளுக்கு எழுதிய நிரல்கள் மலைபோல் கிடந்தன. எல்லாவற்றையும் மீண்டும் எழுதச் சொன்னால் யார் புதுப்பொறியை வாங்குவார்கள்? எனவே புதிய பொறி பழைய பொறியாக நடிக்கும் வசதியை ஐ.பி.எம். சேர்த்தது. 'எமுலேட்டர்' என்ற சொல் கணிப்பொறி உலகில் நிலைபெற்றது இப்படித்தான்.

எமுலேட்டர் என்பது எவ்வாறு வேலை செய்கிறது? உங்கள் மேசைக் கணிப்பொறியின் நினைவகத்தில் 68000-இன் பதிவேடுகளுக்கு ஈடாகச் சில எண்களை ஒதுக்கிக்கொள்ளுங்கள். விளையாட்டின் நிரலிலிருந்து ஓர் ஆணையை எடுங்கள். அது என்ன ஆணை என்று பாருங்கள். உண்மையான 68000 என்ன செய்திருக்குமோ அதை அந்த எண்களில் செய்யுங்கள். அதற்கு எத்தனை துடிப்புகள் ஆகியிருக்கும் என்று கணக்கில் எழுதுங்கள். அடுத்த ஆணைக்குப் போங்கள். சிறிது நேரத்துக்குரிய துடிப்புகள் சேர்ந்ததும் 68000-ஐ நிறுத்திவிட்டு, அதே அளவு நேரம் இசட்-80 ஆக நடியுங்கள். பிறகு மீண்டும் 68000. ஒரு படத்துக்குரிய நேரம் முடிந்ததும் படச் சில்லுகளாக மாறித் திரையை வரையுங்கள். ஒரே நடிகர் வேடம் மாற்றி மாற்றி வந்து நாடகம் முழுவதையும் நடத்துவது போன்றது இது. பழைய பொறியின் ஓர் ஆணைக்குப் புதிய பொறி பத்து, இருபது, சில சமயம் அதற்கும் மேற்பட்ட ஆணைகளைச் செலவிட வேண்டும். அதனால்தான் வீட்டுக் கணிப்பொறிகள் போதிய வேகம் பெறும்வரை இது கைகூடவில்லை.

இத்தாலியரான நிக்கோலா சல்மோரியா, 1997 பிப்ரவரி 5 அன்று 'மேம்' என்ற எமுலேட்டரை வெளியிட்டார். 'பேக்-மேன்' போன்ற சில பழைய விளையாட்டுகளோடு தொடங்கிய அம்முயற்சியில் பல நாட்டு ஆர்வலர்கள் சேர்ந்தனர். நாளடைவில் ஆயிரக்கணக்கான பொறிகளின் வருணனை அதில் இடம்பெற்றது. விளையாடக் கொடுப்பதைவிட, பொறி எவ்வாறு இயங்கியது என்பதைப் பதிவு செய்வதே மேமின் முதல் நோக்கமென அதைச் செய்தவர்கள் கூறி வந்துள்ளனர். 2016 முதல் அதன் மூலநிரல் எவரும் தடையின்றிப் படிக்கவும் பயன்படுத்தவும் கூடியதாக உள்ளது.

தற்கொலை செய்துகொள்ளும் பலகை

1991-இன் பொறி இவ்வாறு பிழைத்துக்கொண்டது. ஆனால் அதன் தம்பிக்கு வேறொரு ஆபத்து காத்திருந்தது.

ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2 பெற்ற வெற்றியால் கள்ளப் பலகைகள் சந்தையில் குவிந்தன. சில்லுகளைப் படியெடுத்து, நிரலையும் மாற்றி, மலிவாக விற்றனர். இதைத் தடுக்க எண்ணிய கேப்காம், 1993-இல் கொண்டுவந்த சி.பி.எஸ். 2 பலகையில் நிரலைப் பூட்டி வைத்தது. சில்லில் பதிந்திருந்த ஆணைகள் குழப்பிய வடிவில் இருக்கும். நுண்செயலி அவற்றை எடுக்கும் கணத்தில் மட்டும் ஒரு தனிச் சில்லு அவற்றைத் தெளிவாக்கித் தரும். அதற்குத் தேவையான சாவி ஓர் எண். அந்த எண் மின்சாரம் இருக்கும்வரை மட்டுமே நினைவு வைத்திருக்கும் நினைவகத்தில் வைக்கப்பட்டது. அந்த நினைவகத்தை வாழவைத்தது 3.6 வோல்ட் லித்தியம் மின்கலம் ஒன்று.

மின்கலம் எதுவும் நிலையானதன்று என்பது இயற்பியல் மாணவருக்குச் சொல்லாமலே விளங்கும். உள்ளே நடக்கும் வேதிவினை ஒரு நாள் ஓயும், மின்னழுத்தம் சரியும், சாவி அழியும். பலகையில் ஒரு கம்பிகூட அறுந்திருக்காது. எல்லாச் சில்லுகளும் நலமாக இருக்கும். ஆனால் பொறி தன் நிரலைத் தானே படிக்க முடியாமல் வெறும் ஒற்றை நிறத் திரையைக் காட்டி நிற்கும். சேகரிப்பாளர்கள் இதற்குத் 'தற்கொலை மின்கலம்' என்று பெயர் வைத்தனர். திருடனுக்காகச் செய்த பூட்டு, காசு கொடுத்து வாங்கியவரின் பொருளையும் ஒரு நாள் கொன்றது. உலகெங்கும் இருந்த பலகைகளில் கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது. கடைசி மின்கலம் ஓய்வதற்குள் யாரேனும் சாவியைக் கண்டுபிடிக்காவிட்டால், 'சூப்பர் ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2' முதலான விளையாட்டுகளின் நிரல்கள் எவராலும் படிக்க முடியாத எண் குவியலாகவே எஞ்சியிருக்கும்.

பூட்டு திறந்த கதை

சாவி 64 இரும எண்கள் கொண்டது. ஒவ்வொரு சாவியாகப் போட்டுப் பார்க்கலாமா? 2-இன் 64-ஆம் அடுக்கு ஏறத்தாழ 1.8 கோடியே கோடியை இன்னும் ஒரு லட்சத்தால் பெருக்கிய எண். விநாடிக்கு நூறு கோடிச் சாவிகளைச் சோதித்தாலும் முடிக்க 584 ஆண்டுகள் ஆகும். ஆகவே வேறு வழி தேட வேண்டியிருந்தது.

முதல் வழி 2001 ஜனவரியில் கிடைத்தது. 'சி.பி.எஸ். 2 ஷாக்' என்ற குழுவினர் பூட்டோடு மல்லுக்கட்டவில்லை. இன்னும் உயிரோடிருந்த பலகைகளின் மின்சுற்றில் புகுந்து, தெளிவாக்கப்பட்ட நிரலைப் பலகையே வெளியிடும்படி செய்தனர். பின்பு பூட்டிய நிரலுக்கும் திறந்த நிரலுக்கும் உள்ள வேறுபாட்டை அட்டவணையாக்கி வெளியிட்டனர். இதனால் எமுலேட்டர்களில் இவ்விளையாட்டுகள் ஓடத் தொடங்கின. இறந்த பலகைகள் சிலவற்றுக்கும் உயிர் கொடுக்க முடிந்தது. எனினும் ஒவ்வொரு விளையாட்டுக்கும் உயிருள்ள பலகை ஒன்று தேவைப்பட்டது. உயிருள்ள பலகை கிடைக்காத விளையாட்டுக்கு வழியில்லை.

இரண்டாவது வழியை 2007 ஜனவரியில் ஆண்ட்ரியாஸ் நைவ் என்ற பெயரில் எழுதியவரும், முன்பு நாம் கண்ட சல்மோரியாவும் கண்டனர். பூட்டிய எண்ணும் அதற்குரிய திறந்த எண்ணும் ஏராளமாகக் கையிலிருந்தன அன்றோ? அவற்றை ஒப்பிட்டு ஆராய்ந்து, பூட்டின் உள்ளமைப்பையே அவர்கள் வெளிக்கொணர்ந்தனர். ஐ.பி.எம். நிறுவனத்தில் பணியாற்றிய ஹார்ஸ்ட் ஃபைஸ்டலின் பெயரால் வழங்கும் முறை அதில் பயன்பட்டிருந்தது. எண்ணை இரு பாதிகளாகப் பிரித்து, ஒரு பாதியைக் கொண்டு மறு பாதியைக் குழப்பி, பின் இடம் மாற்றி, இதையே பல சுற்றுகள் செய்வது அம்முறை. 1977-இல் அமெரிக்க அரசு ஏற்ற சங்கேத முறை இதே வகையில் 16 சுற்றுகள் கொண்டது. கேப்காமின் பூட்டில் நான்கு சுற்று அமைப்புகள் இரண்டு மட்டுமே இருந்தன. ஆணை இருக்கும் முகவரியை முதல் அமைப்பு குழப்பும். அதிலிருந்து கிடைப்பதைக் கொண்டு இரண்டாவது அமைப்பு ஆணையைத் தெளிவாக்கும். இது தெரிந்தபின் சாவிகளைக் கணக்கிட்டே பெற முடிந்தது.

மூன்றாவது வழி 2016 ஏப்ரலில் வந்தது. இறந்த பலகைக்குள் சாவியை மீண்டும் எழுதும் முறையை மூவர் கொண்ட ஒரு குழு கண்டறிந்து அறிவித்தது. பலகையில் எதையும் வெட்டவோ மாற்றவோ தேவையில்லை. மின்கலத்தை மாற்றி, சாவியை எழுதினால், பலகை பிறந்த நாளில் இருந்ததைப் போலவே எழுந்துவிடும். தற்கொலை செய்த பலகைகள் இவ்வாறு உயிர்த்தெழுந்தன.

நகல் தந்த புதிய ஆற்றல்

எமுலேட்டருக்கு மூலப்பொறியிடம் இல்லாத ஆற்றல் ஒன்றும் உண்டு. அதற்குப் பொறியின் முழு நிலையும் சில எண்களே. எனவே ஒரு கணத்தின் நிலையை அப்படியே எடுத்து வைத்து, பிறகு அக்கணத்துக்குத் திரும்ப முடியும்.

இதன் பயன் தொலைவிலிருந்து ஆடும்போது தெரியும். டோக்கியோவுக்கும் நியூயார்க்குக்கும் இடையே ஏறத்தாழ 10,800 கிலோமீட்டர். கண்ணாடி இழையில் ஒளியின் வேகம் விநாடிக்கு 2 லட்சம் கிலோமீட்டர். நேர்கோட்டில் இழை இருந்தாலுங்கூடச் செய்தி போய்ச்சேர 54 மில்லிவிநாடி வேண்டும். அதாவது மூன்று படங்களுக்கு மேல் காலதாமதம். இயற்கை விதித்த இந்த எல்லையை யாராலும் குறைக்க முடியாது. டோனி கேனன் என்ற அமெரிக்கர் 2006-இல் உருவாக்கிய முறை இதைச் சாதுரியமாகச் சமாளித்தது. எதிராளி என்ன அழுத்துவார் என்று ஊகித்து உங்கள் பொறி ஆட்டத்தைத் தொடரும். உண்மைச் செய்தி வந்து ஊகம் தவறென்று தெரிந்தால், பழைய நிலைக்குத் திரும்பி, இடைப்பட்ட படங்களைக் கண் இமைப்பதற்குள் மீண்டும் கணக்கிட்டுவிடும். அண்டைத் தெருவில்கூட எதிராளி இல்லாதிருந்த ஆட்டக்காரர்கள் கண்டம் விட்டுக் கண்டம் ஆடினர்.

நகலின் எல்லைகள்

நகல் முழுமையானதா என்று கேட்டால், இல்லை என்றே சொல்ல வேண்டும். இன்றைய தட்டைத்திரைகள் பெரும்பாலும் விநாடிக்குச் சரியாக 60 படங்களைக் காட்டுகின்றன. விளையாட்டோ 59.64 படங்களைத் தருகிறது. ஆகவே ஆட்டத்தை இம்மியளவு விரைவாக ஓட்ட வேண்டும். இல்லையேல் சுமார் 2.75 விநாடிக்கு ஒருமுறை ஒரே படத்தை இருமுறை காட்ட வேண்டும். வேகத்தைத் தானே மாற்றிக்கொள்ளும் திரைகள் வந்தபின் இக்குறை பெருமளவு நீங்கியது. பழைய குழலின் பாஸ்பர் ஒளிர்வையும், கோடுகளுக்கிடையே தெரியும் இருளையும் கணக்கிட்டுப் போலியாக வரைகிறார்கள். ஆனால் ஆளுயரப் பெட்டியின் முன் தோளோடு தோள் உரச நின்ற கூட்டத்தை எந்த நிரலும் திருப்பித் தராது.

சட்டத்தின் நிலையையும் வாசகர்கள் அறிய வேண்டும். எமுலேட்டர் வேறு; விளையாட்டின் நிரல் வேறு. எமுலேட்டரை உருவாக்க ஒரு பொறியை ஆராய்வது நியாயமான பயன்பாடே என்று அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒன்று 2000-ஆம் ஆண்டில் தீர்ப்பளித்தது. விளையாட்டின் நிரலோ அதைப் படைத்தவரின் உடைமை. அனுமதியின்றிப் பரப்புவது குற்றம். இன்று கேப்காமே தன் பழைய விளையாட்டுகளை எமுலேட்டரோடு சேர்த்து விற்கிறது. 2018-இல் வந்த தொகுப்பில் பன்னிரண்டு ஸ்ட்ரீட் ஃபைட்டர் விளையாட்டுகள் இருந்தன. ஒரு காலத்தில் கள்ளத்தனமென்று கருதப்பட்ட தொழில்நுட்பம் உரிமையாளருக்கே வருவாய் தருகிறது!

விளையாட்டுக்கு அப்பால்

இங்கிலாந்தில் வில்லியம் மன்னர் 1086-இல் நாடு முழுவதையும் கணக்கெடுத்து ஒரு நூல் எழுதச் செய்தார். அதன் 900-ஆவது ஆண்டு நிறைவையொட்டி பி.பி.சி. 1986-இல் புதியதொரு கணக்கெடுப்பை நடத்தியது. பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட மக்கள், பெரும்பாலும் பள்ளி மாணவர்கள், தங்கள் ஊர்களைப் பற்றி எழுதினர். அவையெல்லாம் லேசர் தட்டுகளில் பதிக்கப்பட்டன. பதினைந்து ஆண்டுகளுக்குள் அத்தட்டுகளைப் படிக்கும் பொறிகள் அரிதாகிவிட்டன. தோலில் மையால் எழுதிய நூலை 900 ஆண்டுகளுக்குப் பின்னும் படிக்க முடிந்தது. லேசர் தட்டோ ஒரு தலைமுறைக்குள் ஊமையாகும் நிலைக்கு வந்தது. 2002-இல் லீட்ஸ், மிச்சிகன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அப்பழைய பொறிக்கு எமுலேட்டர் எழுதியே அதைப் பேசவைத்துக் காட்டினர்.

இன்று நிலப்பதிவு, மருத்துவக் குறிப்பு, ஆய்வக அளவீடு, குடும்பப் புகைப்படம் எல்லாமே ஏதோ ஒரு பொறியை நம்பியிருக்கின்றன. பொறி சாகும் என்பது உறுதி. அது எவ்வாறு இயங்கியது என்ற வருணனையை யாரேனும் எழுதி வைத்திருந்தால் அதன் உள்ளடக்கம் பிழைக்கும். சாவி யாரிடமும் இல்லாமல் பூட்டி வைத்திருந்தால் பிழைப்பது கடினம். சண்டை விளையாட்டுகளுக்கு வாய்த்ததைப் போல, ஊதியமின்றி ஆறு ஆண்டுகள் ஓர் எண் புதிரோடு போராடும் ஆர்வலர்கள் எல்லாப் படைப்புகளுக்கும் வாய்ப்பார்கள் என்று சொல்ல முடியாது. ஆகவே உங்கள் வீட்டிலோ கல்லூரியிலோ பழைய நாடாவோ தட்டோ கிடந்தால், அதைப் படிக்கும் பொறி இன்னும் ஓடும்போதே உள்ளிருப்பதை வேறிடத்துக்கு மாற்றிவிடுங்கள். எந்தப் பொறியில், எந்த நிரலால் படிக்கப்பட்டது என்பதையும் ஒரு தாளில் எழுதி உடன் வையுங்கள். அந்தத் தாளைப் படிக்கக் கண்ணும் வெளிச்சமும் போதும்.